உரப்பைக்குள் துவக்கு, சிங்களத்தில் கையொப்பம்: ஒரு விவசாயியின் கேள்விக்குப் பதில்

தென்மராட்சியில் இருந்து ஐம்பத்தெட்டு வயது விவசாயி ஒருவர் நான்கு பக்கக் கடிதம் எழுதியிருக்கிறார். ஆளை அடையாளம் காட்டக்கூடிய விபரங்களை நீக்கிவிட்டுச் சாரத்தை மட்டும் இங்கே தருகிறேன்.

இவருக்குக் கிளிநொச்சி மாவட்டத்தில் நான்கு ஏக்கர் வயல் உண்டு. காலபோகத்தில் (மாரிகால நெற்செய்கையில்) கதிர் முற்றும் நேரம் பன்றிக் கூட்டம் வரம்பை உடைத்துக்கொண்டு இறங்கும். அதற்காகப் பயிர்ப் பாதுகாப்பு என்ற காரணத்தைக் காட்டி, ஒற்றைக்குழல் 12 போர் (குழல் அளவு) துவக்கு, அதாவது துப்பாக்கி, ஒன்றுக்கு அனுமதிப்பத்திரம் எடுத்து, வருடா வருடம் புதுப்பித்து வந்திருக்கிறார். கடந்த டிசெம்பரிலும் விண்ணப்பித்து, பணம் கட்டி, பற்றுச்சீட்டு வாங்கினார். புதிய பத்திரம் மட்டும் கைக்கு வரவில்லை. ஜனவரி இரண்டாம் வாரம், இரவு ஒன்பதரை மணிபோல, வயலில் இருந்து மோட்டார் சைக்கிளில் திரும்பும்போது ஏ-9 வீதியில் பொலிஸார் மறித்தார்கள். துவக்கு உரப்பைக்குள் சுற்றிப் பக்கவாட்டில் கட்டியிருந்தது. ஆறு தோட்டாக்கள் சேட்டுப் பொக்கற்றில். கையில் இருந்தது போன வருடப் பத்திரத்தின் போட்டோ பிரதியும் பற்றுச்சீட்டும்தான்.

பொலிஸ் நிலையத்துக்குக் கொண்டுபோய் அதிகாலை ஒரு மணி வரை இருத்தினார்கள். "வேறு எங்கே புதைச்சு வைச்சிருக்கிறாய்?" என்று திரும்பத் திரும்பக் கேட்டார்கள். சிங்களத்தில் எழுதிய இரண்டு பக்கத்தில் கையொப்பம் வாங்கினார்கள். துவக்கையும் தோட்டாக்களையும் வைத்துக்கொண்டு, துண்டு எதுவும் கொடுக்காமல் அனுப்பிவிட்டார்கள். மூன்றாம் நாள் சிவில் உடையில் இருவர் வந்து, மனைவி தனியாக இருந்த வீட்டில் அலுமாரியைக் கிளறிப் பார்த்து, மகனைப் பற்றி விசாரித்துவிட்டுப் போனார்கள். வருகிற திங்கட்கிழமை மறுபடி நிலையத்துக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள்.

அவருடைய கேள்விகள் இவை: அனுமதிப்பத்திரம் உள்ளவனின் துவக்கை அவர்கள் தொடலாமா? போட்ட கையொப்பம் என்னைக் கட்டுமா? திங்கட்கிழமை போகவேண்டுமா, போனால் என்ன சொல்வது? வழக்குப் போடலாமா? கனடாவில் உள்ள மருமகன் அனுப்பிய அமெரிக்கக் காணொளியில் "சோதனைக்குச் சம்மதிக்கமாட்டேன், எதற்கும் பதில் சொல்லமாட்டேன்" என்று ஒருவர் காருக்குள் இருந்தபடியே சொல்கிறாரே, அது எனக்கும் பொருந்தாதா? கடிதத்தின் ஓரத்தில் சின்ன எழுத்தில் இன்னொன்று: "எனக்குக் காய்ச்சல் வந்த நாட்களில் மகன்தான் துவக்கோடு காவலுக்குப் போனான். அதைச் சொல்லவா, விடவா?"

ஐயா, அந்தச் சின்ன எழுத்துக் கேள்விதான் இந்தக் கடிதத்திலேயே பாரமானது. அதற்குக் கடைசியில் வருகிறேன். முதலில் காணொளி.

அமெரிக்காவில் ஆயுதம் வைத்திருப்பது அரசியலமைப்பே தந்த உரிமை. 1791இல் வந்த இரண்டாம் திருத்தம் அதைச் சொல்கிறது. எங்கள் இலங்கை அரசியலமைப்பில் அப்படி ஒரு வாசகம் இல்லை. இங்கே 1916ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுடுகலன்கள் கட்டளைச் சட்டத்தின்படி துவக்கு வைத்திருப்பது அடிப்படையில் தடை. அந்தத் தடையில் இருந்து ஒருவருக்கு, ஒரு துவக்குக்கு, ஒரு வருடத்துக்குக் கொடுக்கப்படும் விலக்குத்தான் அனுமதிப்பத்திரம். அமெரிக்காவிலும்கூட, ஆயுதம் வைத்திருப்பவர் பொலிஸ் மறித்தவுடன் தானாகவே அதைச் சொல்லவேண்டும் என்று விதித்த மாநிலங்கள் உண்டு. ஆகவே அந்தக் காணொளி அங்குள்ள எல்லோருக்குமே முழுதாகப் பொருந்தாது. ஏ-9 வீதியில் இரவு பத்து மணிக்கு அதைப் பின்பற்றினால் ஆபத்து உங்களுக்குத்தான்.

இதற்காக நீங்கள் உரிமை எதுவும் இல்லாதவர் என்று நினைக்கவேண்டாம். உங்கள் துவக்குக்கு இல்லாத பாதுகாப்பு உங்கள் உடலுக்கும் வாய்க்கும் வீட்டுக்கும் உண்டு. அரசியலமைப்பின் 11ஆம் உறுப்புரை சித்திரவதையையும் இழிவான நடத்துகையையும் முற்றாகத் தடுக்கிறது. 13ஆம் உறுப்புரை, காரணம் சொல்லாமல் கைது செய்யக்கூடாது என்கிறது. வீதியில் நிற்கும்போது துவக்கையும் உங்கள் உரிமைகளையும் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள். துவக்கைக் கேட்டால் கொடுத்துவிடலாம். ஏன் எடுக்கிறார்கள், எந்தப் புத்தகத்தில் பதிந்தார்கள், எந்த மொழியில் எழுதினார்கள் என்பதில் விட்டுக்கொடுக்கக்கூடாது. நீங்கள் அன்று துவக்கைக் கொடுத்தது சரி. மற்றவற்றைக் கேட்காமல் விட்டதைத்தான் இப்போது சீர்செய்யவேண்டும்.

ஜனவரி முதலாம் திகதிச் சிக்கல்

இது உங்களுக்குக் கசக்கும். ஆனாலும் சொல்லவேண்டும். துவக்கு அனுமதிப்பத்திரம் எந்த மாதத்தில் எடுத்தாலும் டிசெம்பர் 31உடன் முடிகிறது. அடுத்த வருடத்துக்கான புதுப்பித்தலுக்கு வழக்கமாக ஒக்டோபரில் இருந்து டிசெம்பர் வரை காலம் தருகிறார்கள். ஜனவரி 1 விடிந்தால், புதிய பத்திரம் கையில் இல்லாதவர் அனுமதியில்லாமல் துவக்கு வைத்திருப்பவர் என்ற நிலைக்கு வந்துவிடுகிறார். "பணம் கட்டிவிட்டேன்" என்ற பற்றுச்சீட்டு உங்கள் நல்லெண்ணத்தைக் காட்டும். நீதவான் முன் அது பெரிய துணை. ஆனால் அது பத்திரம் ஆகாது. வீதியில் நின்ற உத்தியோகத்தருக்கு அன்று நியாயமான சந்தேகம் எழ இடம் இருந்தது என்பதை ஏற்றுக்கொண்டுதான் நாம் மேலே பேசவேண்டும்.

இந்த இடைவெளி காலபோகத்தின் நடுவில், கதிர் வரும் நேரத்தில் வந்து விழுவது விவசாயிகளுக்குப் பெரிய அநியாயம். ஜனவரியில் துவக்கு இல்லாவிட்டால், பிறகு கிடைத்தும் அந்தப் போகத்துக்குப் பயன் இல்லை. அதனால்தான் பலர் பற்றுச்சீட்டை நம்பி வயலுக்குப் போகிறார்கள். இதைத் தவிர்க்க ஒரே வழி ஒக்டோபர் முதல் வாரத்திலேயே விண்ணப்பத்தைக் கொடுத்துவிடுவது. துவக்கைப் பரிசோதனைக்குக் காட்டுவது, பொலிஸ் அறிக்கை, கிராம அலுவலரின் உறுதிப்படுத்தல், காணி ஆவணம் என்று ஒவ்வொன்றும் ஒவ்வொரு மேசையில் நாட்களை விழுங்கும். டிசெம்பர் கடைசியிலும் பத்திரம் வராவிட்டால், துவக்கைப் பொலிஸ் நிலையத்தில் பாதுகாப்புக்கு ஒப்படைத்து, தொடர் இலக்கம் எழுதிய பற்றுச்சீட்டு வாங்கிவிடுங்கள். சில வாரம் துவக்கு இல்லாத கஷ்டம் உண்டு. ஆனால் வழக்கு வராது.

கடிதத்தில் 2024இன் பிற்பகுதியில் வந்த அறிவித்தலையும் குறிப்பிட்டு, "அப்போது ஒப்படைக்காததால்தான் பிடித்தார்களோ?" என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த அறிவித்தல், தற்பாதுகாப்புக்காகப் பாதுகாப்பு அமைச்சு வழங்கிய துப்பாக்கிகளை மீளாய்வுக்காக ஒப்படைக்கச் சொன்னது. பயிர்ப் பாதுகாப்புக்கு மாவட்டச் செயலகம் ஊடாக எடுத்த உங்களுடைய சொட்கண் வேறு வகை. அந்தப் பயம் வேண்டாம்.

வீதியில் என்ன நடந்திருக்கவேண்டும்

துவக்குடன் காணப்படுபவரிடம் பத்திரத்தைக் கேட்கப் பொலிஸாருக்கு அதிகாரம் உண்டு. அசல் பத்திரம் இல்லாதபோது, சந்தேகத்தின் பேரில் துவக்கைக் கையகப்படுத்தவும் முடியும். ஆகவே "தொடலாமா?" என்ற உங்கள் முதற் கேள்விக்குப் பதில்: தொடலாம். ஆனால் எடுத்ததோடு அவர்களின் வேலை முடிவதில்லை. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431ஆம் பிரிவு, ஒரு குற்றம் பற்றிய சந்தேகத்தில் பொலிஸார் எடுத்த பொருளை உடனடியாக நீதவானுக்கு அறிக்கையிடவேண்டும் என்கிறது. அது யாரிடம் இருக்கவேண்டும் என்று கட்டளையிடுவது நீதவான்தான். "பத்திரம் கொண்டுவா, பார்ப்போம்" என்று நிலையத்தின் மூலையில் துவக்கைச் சாத்தி வைத்திருப்பதற்குச் சட்டத்தில் இடம் இல்லை. உங்கள் விடயத்தில் நான் முதலில் தேடச் சொல்வது இதைத்தான்: நீதவான் நீதிமன்றுக்கு அறிக்கை போயிருக்கிறதா, போயிருந்தால் அதன் இலக்கம் என்ன.

அடுத்தது, உங்களைக் கைது செய்தார்களா இல்லையா என்ற கேள்வி. "சும்மா விசாரிக்கத்தான் கூட்டிப் போனோம், கைது செய்யவில்லை" என்று பின்னர் சொல்லக்கூடும். உயர் நீதிமன்றம் 1989இல் நமசிவாயம் எதிர் குணவர்தன என்ற வழக்கில் இதைத் தெளிவாக்கியது. பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தவரைத் தம்முடன் வரும்படி பொலிஸார் சொல்லி, அவர் விரும்பிய இடத்துக்குப் போகமுடியாமல் செய்தாலே அது கைதுதான் என்று தீர்மானித்தது. கைவிலங்கு வேண்டியதில்லை. ஒன்பதரையில் இருந்து ஒரு மணி வரை எழுந்து போகமுடியாத நிலையில் நீங்கள் இருந்தீர்கள். அப்படியானால் அதே சட்டக்கோவையின் 23ஆம் பிரிவின்படி குற்றச்சாட்டின் தன்மையை உங்களுக்குச் சொல்லியிருக்கவேண்டும். அதுவும் உங்களுக்கு விளங்கும் மொழியில். சொன்னார்களா என்று கடிதத்தில் எழுதவில்லை. நினைவு மங்கும் முன் எழுதி வையுங்கள்.

இனி ஒருமுறை மறித்தால் என்ன செய்வது என்பதை விரிவாகவே சொல்கிறேன். துவக்கு விடயத்தில் பெரும்பாலான தவறுகள் முதல் அரை நிமிடத்தில்தான் நடக்கின்றன. நீங்கள் செய்த மிக ஆபத்தான காரியம் உரப்பையில் கட்டியது. உங்களுக்கு அது தூசி படாமல் இருக்கச் சுற்றியது. டோர்ச் அடித்துப் பார்ப்பவருக்கு அது ஒளித்து வைத்தது. ஒற்றைக்குழல் துவக்கைக் குழல் வேறு, பிடங்கு வேறாகக் கழற்றி உறையில் இட்டுக் கொண்டுபோங்கள். கழற்றமுடியாவிட்டால் குழலை மடித்துத் திறந்தபடி வையுங்கள். அறைக்குள் தோட்டா இல்லை என்பது பார்த்தவுடன் தெரியவேண்டும். தோட்டாக்கள் உடம்பில் இருக்கக்கூடாது. தனிப் பெட்டியில், வேறு பையில் இருக்கட்டும்.

மறித்தவுடன் இயந்திரத்தை நிறுத்துங்கள், இறங்கச் சொல்லும்வரை இறங்காதீர்கள், இரண்டு கையும் கைபிடியில் தெரியட்டும். அவர்கள் கண்டுபிடிப்பதற்கு முன் நீங்களே சொல்லுங்கள். தமிழ் தெரியாதவராக இருந்தால் "மகே ளங்க துவக்குவக் தியெனவா, லைசன் எகத் தியெனவா" (என்னிடம் துவக்கு ஒன்று இருக்கிறது, அனுமதிப்பத்திரமும் இருக்கிறது) என்ற ஒரு வரி போதும். துவக்கு என்ற சொல் இரண்டு மொழியிலும் ஏறக்குறைய ஒன்றுதான். பதற்றத்தில் மற்றதெல்லாம் மறந்தாலும் அந்தச் சொல் விளங்கும். அதன்பின் நீங்களாகக் கையை உறைப்பக்கம் கொண்டுபோகாதீர்கள். "எடுத்துக் காட்டு" என்றாலும் "நீங்களே எடுங்கோ சேர்" என்பது பாதுகாப்பானது. துவக்கைக் கையில் பிடித்தபடி அனுமதிப்பத்திரம் பற்றி வாதாடவே கூடாது.

கையில் அசல் பத்திரம் இருக்கவேண்டும். போட்டோ பிரதி வீட்டு அலுமாரிக்குத்தான். நீங்கள் அசலை வீட்டில் பத்திரப்படுத்திப் பிரதியைக் கொண்டுபோனீர்கள். மழையில் நனையாமல் பிளாஸ்ரிக் உறையில் இட்டு அசலையே கொண்டுபோங்கள்.

அந்தக் கையொப்பம்

நீங்கள் அதிகம் அஞ்சுவது இதற்குத்தான் என்று கடிதத்தில் தெரிகிறது. அந்தளவு அஞ்சவேண்டியதில்லை, ஆனால் அலட்சியப்படுத்தவும் முடியாது.

சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 25ஆம் பிரிவின்படி, பொலிஸ் உத்தியோகத்தரிடம் செய்த குற்ற ஒப்புதலை உங்களுக்கு எதிராக நிரூபிக்கமுடியாது. அந்த இரண்டு பக்கத்தில் "அனுமதியில்லாமல் வைத்திருந்தேன்" என்று எழுதியிருந்தாலும் சாதாரண சட்டத்தின் கீழ் அது ஒப்புதலாக ஏறாது. ஆனால் இரண்டு ஓட்டைகள் உண்டு. ஒன்று, நாளை நீதிமன்றில் நீங்கள் வேறுவிதமாகச் சாட்சி சொன்னால், "அன்று இப்படிச் சொன்னீரே" என்று முரண்காட்ட வாக்குமூலத்தைப் பயன்படுத்தலாம். இரண்டாவது 27ஆம் பிரிவு. ஒருவர் சொன்ன தகவலின் பேரில் ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், அந்தக் கண்டெடுப்போடு நேரடியாகத் தொடர்புடைய சொற்கள் மட்டும் சான்றாக ஏறும். "எங்கே புதைச்சு வைச்சிருக்கிறாய்?" என்ற கேள்வியின் கூர்மை இதில்தான் இருக்கிறது. பயத்தில் "அந்தப் பக்கம் பழைய இடியன் துவக்கு ஒன்று கிடந்ததாம்" என்று கேள்விப்பட்டதைச் சொன்னால், அங்கே துருப்பிடித்த குழல் ஒன்று கிடைத்தாலும் அது உங்கள் தலையில் விழும். எங்கள் மண்ணில் எந்தப் பற்றைக்குள் என்ன கிடக்கிறது என்று யாருக்குத் தெரியும்? கேள்விப்பட்டதைச் சொல்லாதீர்கள். தெரியாததற்குத் "தெரியாது" என்பதே முழுப் பதில்.

மௌனம் பற்றி: குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 110ஆம் பிரிவு, பொலிஸ் விசாரணையில் கேட்பதற்கு உண்மையாகப் பதில் சொல்லவேண்டும் என்கிறது. அதே பிரிவு, பதில் சொன்னால் உங்கள்மேல் குற்றச்சாட்டோ தண்டமோ வர இடமுள்ள கேள்விகளை அந்தக் கடமையில் இருந்து விலக்கிவிடுகிறது. ஆகவே பெயர், விலாசம், பத்திர இலக்கம், காணி எங்கே என்பவற்றுக்குப் பதில் சொல்லுங்கள். உங்களைக் குற்றத்தில் மாட்டக்கூடிய கேள்விக்கு "இதற்கு என்னுடைய சட்டத்தரணியோடு கதைத்துவிட்டுச் சொல்கிறேன்" என்று மரியாதையாகச் சொல்லலாம். பொய் மட்டும் வேண்டாம். மௌனத்தைச் சட்டம் காக்கும். பொய்யைக் காக்காது.

அதே பிரிவின்படி, எழுதியதை உங்களுக்குக் காட்டவோ வாசித்துக் காட்டவோ வேண்டும். மொழி விளங்காவிட்டால் விளங்கும் மொழியில் பெயர்த்துச் சொல்லவேண்டும். திருத்தவும் சேர்க்கவும் உங்களுக்கு வாய்ப்புத் தரவேண்டும். வட மாகாணத்தில் தமிழ் நிர்வாக மொழி. பொலிஸ் நிலையத்திலும் தமிழில் அலுவல் பார்க்கும் உரித்து உங்களுக்கு அரசியலமைப்பின் 22ஆம் உறுப்புரையால் உண்டு. "தமிழில் எழுதுங்கோ, அல்லது வாசித்து விளங்கப்படுத்துங்கோ" என்று கேட்பதை எதிர்ப்பாக யாரும் எடுக்கமுடியாது. அப்படியும் கையொப்பம் இட நேர்ந்தால், கையொப்பத்துக்கு மேலே உங்கள் கையெழுத்திலேயே தமிழில் "எனக்கு வாசித்துக் காட்டப்படவில்லை" என்று எழுதி, திகதியும் நேரமும் இடுங்கள்.

வீட்டுக்கு வந்தவர்கள்

சிவில் உடையில் வருபவரிடம் அடையாள அட்டையைக் கேட்பது குற்றம் அல்ல. வீட்டைச் சோதிப்பதற்குப் பொதுவாக நீதவானின் தேடுதல் ஆணை வேண்டும். விசாரணை நடக்கும் குற்றம் ஒன்றில் ஆணை இல்லாமலே தேடச் சில சூழ்நிலைகளில் பொலிஸாருக்கு அதிகாரம் உண்டு. ஆகவே வாசலை மறித்து நிற்கச் சொல்லமாட்டேன். உங்கள் மனைவி செய்யக்கூடியது: பெயரும் நிலையமும் கேட்பது, ஆணை இருக்கிறதா என்று கேட்பது, "என்னுடைய சம்மதம் இல்லை, ஆனால் தடுக்கவில்லை" என்று கேட்கும்படி சொல்வது, அயலவர் ஒருவரையோ கிராம அலுவலரையோ கூப்பிட்டு நிற்க வைப்பது. பெண்ணின் உடலைப் பெண் உத்தியோகத்தர் மட்டுமே சோதிக்கலாம். அன்று வந்தவர்கள் எதையும் எடுத்துச் செல்லவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். நல்லது. வந்த நேரம், போன நேரம், வாகன இலக்கம், கேட்ட கேள்விகள் எல்லாவற்றையும் மனைவியின் கையாலேயே எழுதி வையுங்கள்.

திங்கட்கிழமை

போங்கள். போகாமல் விட்டால் பற்றுச்சீட்டு காட்டிய நல்லெண்ணம் கெட்டுப்போகும். ஆனால் தனியாகப் போகாதீர்கள். பொலிஸ் நிலையத்தில் தன்னை அமர்த்தியவர் சார்பில் சட்டத்தரணி தோன்றுவதற்கு 2012இல் விதிகள் ஏற்படுத்தப்பட்டன. "இங்கே லோயருக்கு வேலை இல்லை" என்று சொன்னால் அது பழைய கதை. கட்டணம் தடையாக இருந்தால் யாழ்ப்பாணத்தில் உள்ள சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்துக்குப் போங்கள். வருமானம் குறைந்தவர்களுக்கு அங்கே உதவி கிடைக்கும்.

கொண்டுபோகவேண்டியவை: கடந்த வருடங்களின் அசல் பத்திரங்கள், புதுப்பித்தற் பற்றுச்சீட்டு, விண்ணப்பத்தின் பிரதி, வயல் காணியின் ஆவணம். அதற்கு முன், வெள்ளிக்கிழமைக்குள், மாவட்டச் செயலகத்துக்குப் போய்ப் புதிய பத்திரம் தயாரா என்று கேளுங்கள். தயாராக இருந்தால் பாதிப் பிரச்சினை அங்கேயே தீரும். இல்லையென்றால் "இன்ன திகதியில் விண்ணப்பித்தார், பரிசீலனையில் உள்ளது" என்று ஒரு கடிதம் எழுத்தில் கேளுங்கள்.

நிலையத்தில் மூன்று விடயம் கேட்கவேண்டும். ஒன்று, துவக்கின் தொடர் இலக்கமும் தோட்டாக்களின் எண்ணிக்கையும் எழுதிய பற்றுச்சீட்டு. ஆறு என்றால் ஆறு. பின்னர் ஐந்தாகவும் கூடாது, எட்டாகவும் கூடாது. இரண்டு, நீதவானுக்கு அனுப்பிய அறிக்கையின் இலக்கம். மூன்று, தமிழில் ஒரு மேலதிக வாக்குமூலம். அதில் முதலாவது வாக்குமூலம் உங்களுக்கு வாசித்துக் காட்டப்படவில்லை என்பதும் பற்றுச்சீட்டைக் காட்டியதும் இடம்பெறட்டும். பற்றுச்சீட்டுத் தர மறுத்தால் அங்கே சண்டை வேண்டாம். அன்றே பொறுப்பதிகாரிக்குப் பதிவுத் தபாலில் கடிதம் அனுப்பி, பிரதியை உதவிப் பொலிஸ் அத்தியட்சகருக்கும் அனுப்புங்கள். தபால் துண்டைப் பத்திரப்படுத்துங்கள்.

அவர்கள் வழக்குத் தாக்கல் செய்ய முடிவெடுத்தால் உங்களை நீதவான் முன் நிறுத்தவேண்டும். ஆணையில்லாமல் கைது செய்தவரை, பயண நேரம் தவிர்த்து, இருபத்துநான்கு மணித்தியாலத்துக்கு மேல் வைத்திருக்கமுடியாது. சுடுகலன்கள் கட்டளைச் சட்டத்தின் 1996ஆம் ஆண்டுத் திருத்தம் சுடுகலன் குற்றங்களைக் கடுமையாக்கியது. அதனால் பிணை விடயத்தை "பார்த்துக்கொள்ளலாம்" என்று விடாதீர்கள். சட்டத்தரணி முதல் நாளே மன்றில் நிற்கவேண்டும்.

வழக்குப் போடலாமா

போடலாம். ஆனால் நாட்காட்டியை முதலில் எடுங்கள். அடிப்படை உரிமை மீறலுக்கு உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்ய அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை தரும் காலம் ஒரு மாதம். சம்பவம் நடந்த இரவில் இருந்து எண்ணுங்கள். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது என்று அந்த ஆணைக்குழு பற்றிய 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. முறைப்பாட்டைக் கொடுத்துவிட்டுச் சும்மா இருந்தால் இந்தச் சலுகை கிடைக்கும் என்று நம்பவேண்டாம். விசாரணை உண்மையில் நடப்பதைக் காட்டவேண்டி வரும். ஆணைக்குழுவுக்கு யாழ்ப்பாணத்தில் பிராந்திய அலுவலகம் உண்டு. அவசர இலக்கம் 1996.

என்னுடைய அபிப்பிராயம் இது. ஆணைக்குழு முறைப்பாட்டை இந்த வாரமே செய்யுங்கள். அது செலவில்லாதது, காலத்தையும் காக்கும். துவக்கைத் திரும்பப் பெற நீதவான் நீதிமன்றில், புதிய பத்திரத்தோடு விண்ணப்பிக்கலாம். உயர் நீதிமன்ற மனுவுக்குக் கொழும்புச் செலவு உண்டு, ஆண்டுகள் இழுக்கலாம். உங்கள் பத்திரம் ஜனவரியில் உயிரோடு இல்லை என்ற பலவீனமும் அங்கே எழும். உங்கள்மேல் கை வைத்திருந்தால் என் பதில் வேறாக இருந்திருக்கும். அன்று அடித்தார்களா, தள்ளினார்களா என்று நீங்கள் எழுதவில்லை. வெட்கத்தால் விட்டிருந்தால் சட்டத்தரணியிடம் மட்டுமாவது சொல்லுங்கள். காயம் இருந்தால் அரச வைத்தியசாலையில் காட்டி, எப்படி ஏற்பட்டது என்பதையும் வைத்தியரிடம் சொல்லிப் பதியவையுங்கள்.

வழக்குப் போட்டால் இனிப் பத்திரமே தரமாட்டார்களோ என்ற பயம் வீண் பயம் என்று சொல்லமாட்டேன். பத்திரம் கொடுப்பதும் மறுப்பதும் அதிகாரியின் தீர்மானத்தில் இருக்கிறது. ஆனால் மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். தராவிட்டால் 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பியுங்கள். காரணம் எழுத்தில் இருந்தால்தான் அதை எதிர்த்து மேலே போகமுடியும்.

மகன்

உங்கள் பெயரில் உள்ள பத்திரம் உங்களை மட்டுமே காக்கும். ஒரே வீடு, ஒரே வயல், சொந்த மகன் என்பதெல்லாம் இங்கே கணக்கில் இல்லை. நீங்கள் வீட்டில் படுத்திருக்க அவர் துவக்கோடு வயலில் நின்ற இரவுகளில், அவர் அனுமதியில்லாமல் ஆயுதம் வைத்திருந்தவர், நீங்கள் அதைக் கொடுத்தவர். வந்தவர்கள் மகனைப் பற்றி விசாரித்ததும் இதனாலாக இருக்கலாம்.

இதைத் திங்கட்கிழமை நீங்களாக எடுத்துச் சொல்லவேண்டாம். கேட்டால் மறுக்கவும் வேண்டாம். 110ஆம் பிரிவு காக்கும் கேள்வி இதுதான். சட்டத்தரணி பக்கத்தில் இருக்கும்போது, அவரோடு முன்கூட்டியே கதைத்தபடி பதில் சொல்லுங்கள். மகனையும் தனியாக ஒரு சட்டத்தரணியோடு கதைக்கவையுங்கள். உங்கள் நலனும் அவர் நலனும் ஒரு கட்டத்தில் பிரியக்கூடும். உங்களைக் காப்பாற்றத் "துவக்கு என்னுடையது" என்று அவர் சொல்லிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். பாசத்தில் சொன்ன அந்த ஒரு வரி அவருடைய வெளிநாட்டுப் பயணத்தையும் அரச வேலையையும் பாதிக்கும்.

துவக்குத் திரும்பி வந்தபின் அது பூட்டுள்ள பெட்டியிலும், திறப்பு உங்கள் இடுப்பிலும் இருக்கட்டும். தோட்டாக்கள் வேறு பெட்டியில். எத்தனை வாங்கினேன், எத்தனை சுட்டேன், எத்தனை மீதி என்று ஒரு சின்னக் கொப்பியில் திகதியோடு எழுதுங்கள். மகனும் காவலுக்குப் போகவேண்டுமானால் அவர் பெயரில் அனுமதி எடுக்க முடியுமா என்று மாவட்டச் செயலகத்தில் கேளுங்கள். அதுவரை, உங்களுக்குக் காய்ச்சல் வரும் இரவுகளில் அவர் தகரமும் டோர்ச்சும் கொண்டு பரணுக்குப் போகட்டும். கட்டுத்துவக்கு (மிருகம் தட்டினால் தானாக வெடிக்கும்படி கட்டுவது) வைப்பதையோ, வேலிக்கு நேரடியாக மின்சாரம் கொடுப்பதையோ நினைத்தும் பார்க்காதீர்கள். விடியற்காலையில் அந்த வரம்பால் முதலில் நடந்து வருவது பக்கத்து வயற்காரராகவும் இருக்கலாம்.